பதினேழு தரம் செத்தவர்

– வரமாட்டன் எண்டால் வரமாட்டன், விமல். ரிக்கற்றைப் பிரியந்திக்குக் குடு.

– உங்கட மகளுக்கும் வாங்கியிருக்கிறன், அக்கா. இது உங்கட. ஸ்வீடனில இருந்து மொன்றியலுக்கு நான் வந்ததே இதுக்குத்தான். ஆறு மணிக்குப் படம். மெட்ரோவில போனால் அரை மணித்தியாலம்.

– அதிலயும் நீ சாவாய்.

– ஆர் சொன்னது?

– ஆர் சொல்லவேணும்? நாற்பது வருசமா அந்த நாட்டில நடிக்கிறாய். எந்தப் படத்தில தப்பிப் பிழைச்சனீ?

– அப்பிடிச் சொல்லாதேங்கோ. டாக்குத்தரா நடிச்ச ரீவி நாடகம் ஆறு வருசம் ஓடினது. பாதிரியார், நீதவான், கள்ளன், எல்லாம் நடிச்சிட்டன். சரி, பதினேழு தரம் செத்தனான்தான். ஆனா அதையும் கேளுங்கோவன். கண்ணை மூடிக்கொண்டு ஆரெண்டாலும் சாகலாம். நான் திறந்தபடி சாவன். ஐம்பது செக்கன், இமை ஆடாது. சாகிற ஆள் வேணுமெண்டால் நாதனைக் கூப்பிடுங்கோ எண்டுதான் அங்க டைரக்டர்மார் சொல்லுறவை.

– உது ஒரு பெருமை! மாதாவே, உவனுக்குப் புத்தியைக் குடும்.

– பெருமைதான் அக்கா. இருபத்திமூண்டு வயசில அந்தப் பாசையில அ, ஆ படிச்சனான். இண்டைக்குப் பாண் வாங்கப் போனால் சனம் திரும்பிப் பாக்குது. ரெண்டு வரி கதைச்ச பொலிஸ்காரனையும் ஞாபகம் வைச்சிருக்கினம்.

– எனக்கு மட்டும் பெருமை இல்லையே? பேப்பரில வந்த உன்ர படமெல்லாம் மாதா சுருவத்துக்குப் பக்கத்தில கண்ணாடி போட்டு வைச்சிருக்கிறன். நீ சாகிறதைப் பாக்கத்தான் ஏலாது. நீ அனுப்பின முதல் வீடியோ கொப்பியில உன்னைக் குத்தினதைப் பாத்திட்டு மூண்டு நாள் சோறு இறங்கேல்லை.

– அதுக்குத்தானே கோயிலுக்கு ஓடிப்போய்ப் பூசைக்கு என்ர பேர் குடுத்தனீங்கள்.

– உன்ர சுகத்துக்குக் குடுத்தனான். அழுத கண்ணுக்கு எது எந்தப் பெட்டி எண்டு தெரியேல்லை. உன்ர பேரை மரிச்ச ஆக்களின்ர பெட்டியில போட்டிட்டன். ஃபாதர் ஞாயிற்றுக்கிழமை வாசிச்சுப்போட்டார்! பூசை முடிய முப்பது பேர் இடியப்பமும் சொதியுமா லாசாலில இந்த வீட்டுப் படியேறி வந்திட்டினம், செத்த வீட்டில அடுப்பு மூட்டக்கூடாதெண்டு.

– நானும் அந்த நேரம் பாத்துப் போன் எடுத்தன்.

– எடுத்தது இடியப்பத்தோட வந்த புஷ்பவதி. ‘விமலநாதன் கதைக்கிறன்’ எண்டியாம். பாவம், றிசீவரை விட்டவள் சோபாவில விழுந்துதான் எழும்பினவள். சிரியாதை!

– நீங்களும் சிரிக்கிறியள்.

– என்ன கோதாரியோ. அதோட மரிச்ச ஆக்களின்ர பூசைக்கு நான் ஒருத்தற்ர பேரும் குடுக்கிறேல்லை.

– எங்கட அண்ணையின்ர பேரைக் கூடவா?

– அவர் செத்தவர் எண்டு உனக்கு ஆர் சொன்னது? தொண்ணூறாம் ஆண்டு மன்னாரில சைக்கிளில போனவர் வரேல்லை. அவ்வளவுதான். பிடிச்சவங்கள், சுட்டவங்கள் எண்டு சனம் ஆயிரம் சொல்லும். நீயும் இப்ப சனமோ?

– இல்லை அக்கா.

– அப்ப கதையை விடு. தேத்தண்ணி ஆறுது.

– விட ஏலாது. இந்தப் படத்தில நான்தான் பெரிய வேசம். நாற்பது வருசத்தில முதல் தரம் ஒரு தமிழ் ஆளா நடிச்சிருக்கிறன். வீட்டுக்காரர் தேடுறது தெரியாமல், ஏதோவொரு துறைமுகத்தில கிழவனாப் போன ஆள். பிரதியில அவனுக்குப் பேர்கூட இல்லை. நீயே ஒண்டு வையெண்டு டைரக்டர் சொன்னான். வைச்சன்.

– என்ன பேர்?

– அருமைநாதன்.

– விமல்! அண்ணையின்ர பேரையோ? அந்தப் பேரில போய்ச் செத்தனியோடா?

– சாகிறதாத்தான் எழுதியிருந்தது. மாட்டன் எண்டன். அண்டைக்கு வரைக்கும் ஒரு டைரக்டருக்கும் அந்தச் சொல்லு சொன்னதில்லை, அக்கா. வேற ஆளைப் பாப்பன் எண்டான். பார் எண்டு வெளிக்கிட்டு வந்திட்டன். மூண்டு கிழமை போனே இல்லை. பேந்து அவனே வந்தான்.

– வந்து?

– முடிவை மாத்தி எழுதினான்.

– அப்ப... அப்ப அண்ணை என்ன செய்யிறார்?

– வந்து கதவைத் தட்டுறார், அக்கா. தங்கச்சிதான் திறக்கிறா.