ஆறு எடுத்துக்கொண்டவள்

நான் சமையலில் கெட்டிக்காரன் இல்லை, ஐயா. பருப்புக்கூழ் வைத்தால் அடிபிடித்துவிடும். என் மகள் தமித் மூக்கைப் பிடித்துக்கொண்டுதான் குடிப்பாள். "அப்பா, இத ஆத்துல கொட்டினா முதலையெல்லாம் ஊரவிட்டே ஓடிடும்" என்பாள். எட்டு வயதுக்கு வாய் அதிகம். அந்தக் கடைசி நாள் மட்டும் ஒன்றும் சொல்லாமல் இரண்டு கிண்ணம் குடித்தாள்.

நீங்கள் கோயில் எழுத்தர். விட்டுவிடாமல் எழுதிக்கொள்ளுங்கள். நான் நாணல் அறுப்பவன். போன வெள்ளத்துக்கு முந்தைய வருஷம் காய்ச்சலில் என் மனைவி போனாள். பத்து நாள் கழித்து மகனும் போனான். உப்பில் வைத்து, எண்ணெய் பூசி, துணி சுற்ற எனக்கு ஏது வழி? மேற்குக்கரை மணலில் என் கையாலேயே குழி தோண்டிப் புதைத்தேன். மறுவாரம் போனபோது நாய்கள் தோண்டியிருந்தன. மனைவியின் ஒரு கை மட்டும் கிடைத்தது. உடல் இல்லாமல் போனால் உயிர் எங்கே வந்து இளைப்பாறும்? அவர்கள் இருவரும் இப்போது எங்குமே இல்லை, ஐயா. அதை நினைத்தால் எனக்குச் சோறு இறங்காது.

பிறகு தமித்துக்கும் அதே காய்ச்சல் வந்தது.

எங்கள் ஊர்ப் படகுக்காரன் பாக்கோர் உங்களுக்கு ஞாபகம் இருக்கும். குடிகாரன், பெண்டாட்டியை அடிப்பவன். குடிவெறியில் நைலில் விழுந்து செத்தான். ஆறு எடுத்துக்கொண்டவன் ஒசிரிஸ் சாமிக்குச் சொந்தம் என்று சொல்லி, உறவுக்காரர்களைக்கூடத் தொடவிடாமல் கோயில்காரர்கள் நீங்களே அவனைத் தூக்கிப் போனீர்கள். எழுபது நாள் பக்குவம் செய்து, மெல்லிய துணி சுற்றி, கோயில் மண்ணில் வைத்தீர்கள். திருநாள்தோறும் அவனுக்கு ரொட்டியும் பீரும் படைக்கிறீர்கள். அந்தப் பயலுக்கே அந்த வாழ்வு என்றால், என் பிள்ளை என்ன பாவம் செய்தாள்?

பக்கத்து வீட்டு ரெனெனுத் உங்களிடம் சொன்னது பொய்யில்லை. அவள் துறையில் துவைத்துக்கொண்டிருந்தாள். "எங்கேண்ணே, காலங்காத்தால பொண்ணத் தூக்கிட்டுப் போற?" என்று கேட்டாள். "குளிப்பாட்ட" என்றேன். உண்மையிலேயே முதலில் குளிப்பாட்டினேன். தலைமுடியை வாரி விட்டேன். அவளுக்கு நன்றாக நீந்தத் தெரியும், நான்தான் கற்றுக்கொடுத்தேன். அதனால் கொஞ்சம் அதிக நேரம் பிடித்திருக்க வேண்டியிருந்தது. நீங்கள் கேட்ட இந்த மணிக்கட்டுத் தழும்பு அவள் நகம் பட்டது. நாணல் கீறியது என்று அன்று சொன்னது பொய்.

அவளையும் நீங்களே தூக்கிப் போய்க் கோயிலில் பக்குவத்துக்கு வைத்தீர்கள். ஆனால் நேற்று பெரிய பூசாரி ஒரு வார்த்தை சொன்னார். "ஆறு தானா எடுத்தாத்தான் அவ சாமிக்குச் சொந்தம். நீ தள்ளிவிட்டிருந்தா இல்ல. வெளிய எடுத்து மணல்ல போட்டுடுவோம்" என்றார். அதற்காகத்தான் இவ்வளவும் சொல்கிறேன். என் மூக்கை அறுங்கள், கல்லுடைக்க அனுப்புங்கள், இதே ஆற்றில் கட்டிப் போடுங்கள். செத்தபின் சாமியின் துலாத்தட்டில் என் இதயம் பாவத்தால் கனத்தால், அங்கே காத்திருக்கும் மிருகம் அதைத் தின்றுவிட்டுப் போகட்டும். ஆனால் அவளை நாய்களிடம் போடாதீர்கள். என் கை பிடித்தது, அவ்வளவுதான். மூச்சை எடுத்தது ஆறு. அப்படி எழுத முடியாதா, ஐயா? உங்கள் காலைப் பிடிக்கிறேன்.

சாகப்போகிற பிள்ளை படும் பாட்டைப் பொறுக்கமுடியாமல் செய்துவிட்டான் என்று எழுதப் போகிறீர்களா? வேண்டாம், அது தப்பு. இங்கே எந்த உடலோடு போகிறோமோ அந்த உடலோடுதான் அங்கே எழுவோம் என்று நீங்கள்தானே சொல்லிக்கொடுத்தீர்கள்? எலும்பும் தோலுமாக, வாயெல்லாம் புண்ணாக அவளை எப்படி அனுப்புவேன்? இருபது நாள் கண்விழித்துக் கஷாயம் கொடுத்தேன். காய்ச்சல் இறங்கியது. கன்னம் மறுபடி உப்பியது. துறைக்குப் போகும் வழியில் என் தோளில் உட்கார்ந்துகொண்டு, "எனக்குத்தான் நல்லாயிடுச்சேப்பா, எறக்கி விடு, நானே நடக்கறேன்" என்றாள்.

நான் அவசரப்படவில்லை, ஐயா. அவள் முழுக்கக் குணமாகும்வரை காத்திருந்தேன்.