நூற்று ஐம்பதாவது கோடு

மழையை அளப்பது கஷ்டமான வேலை இல்லை, மிஸ். குழாயில் தண்ணீர் நிற்கும் மட்டத்துக்குக் கண்ணைக் கொண்டுபோக வேண்டும், அவ்வளவுதான். நின்றபடி மேலிருந்து பார்த்தால் அளவு பிசகும். நான் எப்போதும் குந்தி உட்கார்ந்துதான் பார்ப்பேன்.

நான் தேயிலைத் தோட்டத்துப் பிள்ளை மடுவத்தில் வேலை செய்கிறேன். கொழுந்து பறிக்கப் போகும் தாய்மார் விட்டுப்போகும் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்வேன். மூன்று வருஷத்துக்கு முன் மண்சரிவு பற்றிச் சொல்லிக்கொடுக்க வந்தவர்கள், மடுவத்து வாசலில் மழைமானியை நட்டுப் பொறுப்பை என்னிடம் கொடுத்தார்கள். எழுபத்தைந்து மில்லிமீட்டர் என்றால் கவனமாக இருக்க வேண்டும். நூறு என்றால் மூட்டை கட்ட வேண்டும். நூற்று ஐம்பதாவது கோட்டைத் தாண்டினால் ஒருவரும் வீட்டில் இருக்கக் கூடாது. அதற்காகக் கையால் சுற்றும் சைரன் ஒன்றும் தந்தார்கள். அதன் சத்தம் தோட்டத்தின் கடைசி வீடு வரைக்கும் போகும். அதை என் பெட்டியில், கல்யாணச் சேலைக்குப் பக்கத்தில் வைத்திருந்தேன். எனக்கென்று பூட்டு உள்ள இடம் அது ஒன்றுதான்.

இழந்தவர்களைப் பற்றி எழுதினால் மனப்பாரம் குறையும் என்று சொல்லி நீங்கள் கொப்பி தந்தீர்கள். ஆகவே கல்யாணத்திலிருந்து தொடங்குகிறேன்.

சுதாகரனுக்கும் எனக்கும் பரிசம் போட்டு எட்டு வருஷம். அவர் ஹட்டனில் ஒரு ஹார்ட்வெயார் கடையில் வேலை செய்தார். முதலில் அவருடைய அப்பா செத்த வருஷம் ஆகாது என்று அவருடைய அம்மா அம்மாக்கண்ணு சொன்னார். பிறகு கொரோனா. பிறகு பெட்ரோலும் கேஸும் இல்லாத வருஷம். பிறகு, லயத்து வரிசை வீட்டின் ஒற்றைக் காம்பராவில் குடித்தனம் வேண்டாம், தனி வீடு கிடைக்கட்டும் என்று அவரே சொன்னார். நியாயம்தான். நான் அவசரப்படவில்லை. நாளைத் தவிர மற்ற எல்லாவற்றையும் அதற்குள் முடித்து வைத்திருந்தேன். யார் யாருக்குச் சொல்ல வேண்டும், நோட்டன் பிரிட்ஜ் சொந்தத்தை யாருக்குப் பக்கத்தில் உட்கார வைக்கக் கூடாது, பந்தியில் என்ன பாயசம் என்பதெல்லாம் எழுதியிருந்தேன். ஓடைக்கு அப்பால், மலையடியில், அவருக்குத் தனி வீடு கிடைத்தபோது கதவுக்கு நீலம் அடிக்கச் சொன்னதும் நான்தான்.

தங்கச்சி ஷாமிலா கேலி செய்வாள்.

"நீ பட்டியல் எழுதி முடிக்கிறதுக்குள்ள அதுல பாதிப் பேரு செத்துருவாங்கக்கா."

அவள் என்னைவிட ஒன்பது வயது இளையவள். அம்மா போன பிறகு நான் வளர்த்த பிள்ளை.

போன ஐப்பசியில் மடுவத்துக்குப் பால்மா வாங்க ஹட்டனுக்குப் போனேன். போகும்போதெல்லாம் ரிஸ்வி நானாவின் அச்சகத்தில் புதிதாக வந்த கல்யாண அட்டைகளைப் பார்ப்பது வழக்கம். எனக்குப் பரிசம் போட்டது அவருக்குத் தெரியும். மாப்பிள்ளை பெயர் தெரியாது.

"வாங்க தங்கச்சி. ஒங்க அப்பா நாளைக்கி வாறேன்னாரு, நீங்களே வந்துட்டீங்க. பேரெல்லாம் சரியான்னு ஒருக்கா பாத்துருங்க."

அவர் நீட்டிய அட்டையில் தை மாதத்து நாள் ஒன்று இருந்தது. மணமகன் சுதாகரன். மணமகள் ஷாமிலா.

"மூத்தவங்க நீங்க இருக்க, சின்னவங்க முந்திக்கிட்டாங்களா?" என்று சிரித்தார். பிறகு என் முகத்தைப் பார்த்து, சிரிப்பை நிறுத்திக்கொண்டார்.

"பேரு சரிதான் நானா," என்றேன்.

குத்துவிளக்குப் படம் போட்ட அட்டை. நான்கு வருஷத்துக்கு முன் நான் தேர்ந்தெடுத்தது. வீட்டுக்கு வந்து பெட்டியைத் திறந்தேன். சைரன் இருந்தது. சேலை இல்லை. சாவி இருக்கும் இடம் தங்கச்சிக்கும் தெரியும். ஷாமிலாவுக்கு ரவிக்கை தைக்கப் போயிருந்தது என்று பிறகு தெரிந்துகொண்டேன். என் ஏற்பாட்டில் அவர்கள் எதையும் மாற்றவில்லை. பெண்ணை மட்டும் மாற்றியிருந்தார்கள்.

நான் சண்டை பிடிக்கவில்லை. சொல்வார்கள் என்று காத்திருந்தேன். ஒரு நாள் சோறு போடும்போது அப்பாவிடம், "கல்யாணம் எப்பப்பா?" என்று மட்டும் கேட்டேன்.

"தை பொறக்கட்டும் ஆத்தா," என்றார், தட்டைப் பார்த்துக்கொண்டே. எங்கள் அப்பா இராமையா நல்ல மனிதர். யார் மனதையும் நோகடிக்கத் தெரியாது.

கார்த்திகையில் அந்த மழை பிடித்தது. பூண்டுலோயாவில் சித்திக்குச் சுகமில்லை, பார்த்துவிட்டு வருகிறோம் என்று முதல் நாளே அப்பாவும் ஷாமிலாவும் கிளம்பினார்கள். மறுநாள் காலை எட்டு மணிக்கு மானி எழுபத்தொன்று காட்டியது. பதினொரு மணிக்கு நூற்று ஒன்பது. மடுவத்து ஜன்னலிலிருந்து கீழே பார்த்தேன். நீலக் கதவுக்குப் பக்கத்தில் அப்பாவின் குடை விரித்து வைத்திருந்தது. கிழிந்த இடத்தில் சிவப்புத் துணி வைத்து நான் தைத்த குடை. வாசலில், மார்கழி பிறக்குமுன் நட்டுவிட்ட, மாவிலை கட்டிய முகூர்த்தக்கால் நின்றது.

ஒரு மணிக்குத் தண்ணீர் நூற்று ஐம்பதாவது கோட்டைத் தாண்டியது.

நான் சைரனைச் சுற்றவில்லை. சுற்றினால் எல்லோருக்கும் கேட்டிருக்கும். வீடு வீடாகப் போனேன். மூன்று லயம், நாற்பத்து மூன்று குடும்பம். எல்லோரையும் மேலே பள்ளிக்கூடத்துக்கு அனுப்பினேன். நடக்க முடியாத மீனம்மா அக்காவை முதுகில் தூக்கிக்கொண்டு ஏறினேன்.

"கீழ சுதாகரன் வூட்டுக்குச் சொல்லியாச்சா புள்ள?" என்று அவர் என் காதருகே கேட்டார்.

"சொல்லிட்டேங்க அக்கா."

அன்று நான் சொன்ன பொய் அது ஒன்றுதான்.

இரண்டரை மணிக்கு ஷாமிலா போனில் என்னைக் கூப்பிட்டாள்.

"அக்கா, மானி எவ்வளவு காட்டுது?"

"நீ எங்க இருக்க?"



"பூண்டுலோயாவுலதான்க்கா."

"அப்பாவும் அங்கதானா?"

"ஆமாக்கா. பக்கத்துல இருக்காரு."

"அப்ப ஒங்களுக்கு என்ன பயம்? மழ விட்டதும் மெதுவா வாங்க."

அவள் ஓர் உண்மை சொல்லியிருந்தால் நானும் ஒன்று சொல்லியிருப்பேன். அதற்கு இடம் கொடுத்துத்தான் இரண்டு முறை கேட்டேன்.

மூன்றே முக்காலுக்கு மலை இறங்கியது. நினைத்த அளவு சத்தம் இல்லை. நீலக் கதவு மறுநாள் ஆற்றோரத்தில் கிடைத்தது. அப்பா, ஷாமிலா, சுதாகரன், அம்மாக்கண்ணு ஆகிய நான்கு பேரும் கிடைக்க ஐந்து நாளாயிற்று.

சைரன் பழுது என்று சொன்னேன். யாரும் சுற்றிப் பார்க்கவில்லை. பேப்பர்க்காரர் வந்து படம் எடுத்தார். "இவ போய்ச் சொல்லியும் அவங்க கெளம்பல பாருங்க, அதுதான் விதி," என்று மீனம்மா அக்கா அவரிடம் சொல்லி அழுதார். நான் மறுக்கவில்லை.

பதினாறாம் நாள் காரியத்துக்கு யார் யாருக்குச் சொல்வது என்று மற்றவர்கள் தடுமாறினார்கள். என்னிடம் பட்டியல் இருந்தது. ஷாமிலா சொன்னது போல் பாதிப் பேர் சாகவில்லை. நான்கு பெயரை மட்டும் அடித்தேன்.

மரண அறிவித்தல் அடிக்க ரிஸ்வி நானாவிடம்தான் போனேன். நான் எழுதிக் கொடுத்ததை வாசித்துக்கொண்டே வந்தவர், சுதாகரன் பெயருக்குக் கீழே 'வருங்கால மனைவி பிரியந்தி' என்று என் பெயர் இருந்த இடத்தில் நின்றார்.

"தங்கச்சி, அந்த மாப்பிள்ள…"

"ஆமா நானா. அதே குத்துவிளக்குப் படத்தப் போடுங்க."

அவர் அந்தப் படத்தைத் தேடி எடுத்தார்.

உங்கள் படிவத்தில் என்னைப் பிழைத்தவள் என்று எழுதியிருக்கிறீர்கள், மிஸ். அதை, சைரனைச் சுற்றாதவள் என்று திருத்திக்கொள்ளுங்கள். ஆனால் ஒன்று. அவர் பெயரும் என் பெயரும் ஒன்றாக அச்சில் வந்தது அந்தத் தாளில் மட்டும்தான். ஒன்றை எடுத்து, பெட்டியில் சேலை இருந்த இடத்தில், நனையாமல் பொலித்தீன் சுற்றி வைத்திருக்கிறேன். அந்தத் தாளைப் பார்த்தவர்கள் எல்லோரும் பொருத்தமான ஜோடி என்றுதான் சொன்னார்கள்.