வெயிலில் காயப்போட்ட ஆறு டப்பா

ஓடுகிறோம். மலைப்பாதை. இடது பக்கம் பள்ளம். தலைக்கு மேலே சத்தம். முதலில் வண்டு மாதிரி. பிறகு அரிசி மில் மாதிரி. "படு! படு!" என்று யாரோ கத்துகிறார்கள். படுக்கிறோம். என் மனைவி தெய்வானை என் கையை இறுக்கிப் பிடித்திருக்கிறாள். என் தம்பி சண்முகம் மட்டும் நிற்கிறான். சாவி முறுக்கிய காமிரா அவன் கையில் கிர்ர்ரென்று ஓடுகிறது.

"ஏலே சம்முகம், படுலே!"

விமானம் போன பிறகுதான் படுத்தான். தெய்வானை தலையைத் தூக்கிப் பார்த்தாள். "எல்லாரும் உசிரைப் பிடிச்சிட்டு ஓடுதாவ. எங்க கொழுந்தனாரு காமிராவைப் பிடிச்சிட்டு நிக்காரு" என்றாள். அந்த நேரத்திலும் எனக்குச் சிரிப்பு வந்தது.

ரங்கூனில் ஜப்பான்காரன் குண்டு விழுந்தது மார்கழி மாதம், செவ்வாய்க்கிழமை, காலை பத்து மணிக்கு. நான் அங்கே அரிசி மில்லில் வேலை பார்த்தேன். கப்பலில் இடம் இல்லை. தென்காசிப் பக்கத்து ஆட்கள் பதினொரு பேர் மலை வழியாக ஊருக்கு ஒன்றாக நடந்தோம். காசி விசுவநாதரை நினைத்துத்தான் முதல் அடி வைத்தேன்.

தம்பியைப் பற்றிச் சொல்ல வேண்டும். குற்றாலம் சீசனுக்குக் கூடாரம் போட்டுப் படம் காட்ட வருவார்கள். அவர்களோடு சேர்ந்து தொழில் படித்தான். ராஜா ராணிக் கதை அவனுக்குப் பிடிக்கவில்லை. "நாத்து நடுதவ முதுகை எவனும் படம் பிடிக்கலையே அண்ணே" என்பான். பழைய காமிரா ஒன்று வாங்கினான். வடகரையில் நடவுப் பெண்களைப் பிடித்தான். கீழப்பாவூரில் காலராவில் போனவர்களின் பாடைகளைப் பிடித்தான். பாவூர்சத்திரத்தில் வேட்டியைத் திரையாகக் கட்டிக் காட்டினான். பண்ணையார் ஆட்கள் வேட்டியையும் கிழித்தார்கள், அவன் மண்டையையும் உடைத்தார்கள். நான்தான் ரங்கூனுக்குக் கூட்டிப் போனேன். அங்கேயும் துறைமுகத்தில் மூட்டை தூக்கும் நம் சனத்தைத்தான் பிடித்தான்.

இந்த வழியில் ஆறு டப்பா பிலிம் எடுத்தான். பட்டணத்து ஸ்டுடியோவில் கொடுத்துப் படமாக்க வேண்டும், ஊர் ஊராகக் காட்ட வேண்டும் என்றான். "நாளைக்கு எவனும் இப்படி நடக்கலேன்னு சொல்லிரக் கூடாது." பிலிம் மாற்றும்போது கறுப்புப் பைக்குள் கையை விட்டு மாற்றுவான். தூசிக்குப் பயந்து என்று நினைத்தேன். டப்பாக்களைப் பெட்டியில் போட்டு நான் தலையில் சுமந்தேன். ஒவ்வொரு ஓடையிலும் கத்துவான். "நனைய விட்ராத அண்ணே! தண்ணி படக்கூடாது!"

மாசி மாதம் காலரா வந்தது. ஒவ்வொருவராக விழுந்தார்கள். தெய்வானை காமிராவைப் பார்த்து நடந்து வந்தாள். "மூஞ்சியெல்லாம் தூசி. ஊர்ல காட்டும்போது தொடச்சிட்டுக் காட்டும், கொழுந்தனாரே." மறுநாள் மத்தியானம் போய்விட்டாள். டப்பாப் பெட்டிதான் அவள் தலைக்கு வைத்திருந்தது. விறகு இல்லை. இலை பறித்து மூடினோம். நெற்றியில் திருநீறு பூசினேன். தேவாரம் சொல்ல வாய் வரவில்லை.

வைகாசியில் தென்காசி ஸ்டேஷனில் இறங்கியவர்கள் இரண்டு பேர். தம்பிக்கு நினைவு தப்பிய காய்ச்சல். வீட்டில் படுக்க வைத்தேன். குற்றாலத்தில் முழுகி எல்லாருக்கும் பிண்டம் போட்டேன். வழியில் உடுத்திய துணியை ஆற்றில் விட்டேன். மிச்சம் அந்த டப்பாக்கள். சாவுத் தலைமாட்டில் இருந்தவை. தீட்டோடு வீட்டுக்குள் எப்படி வைப்பது? தண்ணீர் தெளிக்கலாம் என்றால் தண்ணீர் படக்கூடாது. பட்டுக்கும் கம்பளிக்கும் முழுக்கு வேண்டாம், வெயில் பட்டால் போதும் என்று எங்கள் வீட்டு வழக்கம். பிலிமும் அப்படித்தான் என்று என் மனசுக்குப் பட்டது.

ஆனி மாதம். சாரல் விட்டு நல்ல வெயில். ஆறு டப்பாவையும் திறந்தேன். மாடிக் கொடியில் ஒவ்வொன்றாக விரித்தேன். படம் எதுவும் தெரியவில்லை. மெஷின் வெளிச்சத்தில்தான் தெரியும் போல என்று நினைத்தேன். சிவ சிவா என்று சொல்லிக்கொண்டே விரித்தேன். காற்றில் சரசரவென்று சத்தம்.

தம்பி சுவரைப் பிடித்துக்கொண்டு மாடிக்கு வந்தான். பார்த்தான். அப்படியே உட்கார்ந்தான்.

"என்னலே?"

"வெளிச்சம் பட்டா போச்சு அண்ணே. மருந்துத் தண்ணியில போடுத வரைக்கும் இருட்டுலயே இருக்கணும்."

"எல்லாமா?"

"எல்லாந்தான். மதினியும்."

நான் தலையில் அடித்துக்கொண்டேன். அவன் என் கையைப் பிடித்தான். "தண்ணிய மட்டுந்தான் சொன்னேன். வெளிச்சத்தைச் சொல்லலையே. என் தப்பு அண்ணே." அவன் திட்டியிருக்கலாம்.

ஆடியில் காய்ச்சல் கொஞ்சம் விட்டது. குற்றாலத்தில் கூடாரக் கொட்டகை போட்டிருந்தார்கள். கூட்டிப் போனேன். கதைக்கு முன்னால் யுத்தச் செய்திப் படம் ஓடியது. பர்மாவிலிருந்து வந்த சனம் வரிசையில் நின்று டீ வாங்குகிறது. சிரிக்கிறது. கொட்டகையில் கை தட்டினார்கள். தம்பி என் காதுக்குப் பக்கத்தில் சொன்னான்: "இதுல ஒருத்தரும் சாகலையே அண்ணே."

அதற்குப் பிறகு அவன் காமிராவைத் தொடவில்லை. ஐப்பசியில் காய்ச்சல் திரும்பியது. நான்தான் கொள்ளி வைத்தேன்.

படத்தில் இருந்திருக்க வேண்டியதை நான் எழுதி வைக்கிறேன். படிக்கிறவர்கள் மறக்கக் கூடாது. வழியில் போனவர்கள் ஒன்பது பேர். என் மனைவி தெய்வானை. மில்லில் என்னோடு வேலை பார்த்த மாடசாமி. அவன் மனைவி பேச்சி. அவர்கள் கைப்பிள்ளை, பேர் வைக்கவில்லை. கொத்தனார் சுடலைமுத்து. அவர் மகன் இசக்கி. இட்டிலிக்கடை வேலம்மாள். பரமசிவம். அவர் தாயார். ஊர் வந்து போனவன் ஒருவன், சண்முகம்.

பிலிம் ஆறு டப்பா. நான் கெடுத்தது.

தெய்வானைக்கு வேறு போட்டோ கிடையாது.