ஏழாம் கட்டில்

ரௌட்டர் என்றால் என்னவென்று உங்களுக்குத் தெரியாவிட்டால் வெட்கப்பட வேண்டாம். எங்கள் மருத்துவமனையின் பெரிய டாக்டருக்கே தெரியாது. கணினிகளும் கட்டிலோரக் கருவிகளும் ஒன்றோடொன்று பேச வழிவிடும் பெட்டி, அவ்வளவுதான். அதற்குள் ஓடும் மென்பொருளின் நகலை இமேஜ் என்போம். அதைக் கணினியில் ஓட்டினால் பெட்டியே இல்லாமல் ரௌட்டர் கிடைத்துவிடும். அப்படிப் பதினான்கை இணைத்து, மருத்துவமனை முழுவதையும் ஒரே திரைக்குள் கட்டி வைத்திருந்தேன். அதுதான் எங்கள் லேப். எந்த மாற்றமானாலும் முதலில் லேபில் ஓட வேண்டும், தேறினால்தான் நிஜப் பெட்டிக்குப் போகும். விதியை எழுதியவன் நான்.

எங்கள் கணினிப் பிரிவின் தலைமைப் பொறுப்பு காலியானதும் அதை என் மனைவியின் தம்பிக்குக் கொடுத்தார்கள். கேபிளைச் செருகக்கூடத் தெரியாதவனைக் கையைப் பிடித்து வேலைக்கு அழைத்து வந்தவன் நான்.

"அத்தான், மனசுல எதுவும் வெச்சுக்காதீங்க. பேருக்குத்தான் நான் தலைவன்," என்றான்.

வைத்துக்கொண்டேன். வயிறு எரிந்தது. அதை ஏன் மறைக்க வேண்டும்?

போன மாதம் அவன் எழுதிய மாற்றத்தில் ஒரு வரி தப்பு. நிஜப் பெட்டிகளில் ஓடும் இப்போதைய இமேஜில் அந்த வரி, கருவிகள் பேசிக்கொள்ளும் எல்லாப் பாதைகளையும் துடைத்துவிடும். பழைய இமேஜில் ஒன்றுமே ஆகாது. நான் லேபில் பழையதை வைத்து, அதற்குப் புதியதின் பெயரைச் சூட்டினேன். மச்சினன் பெயரைப் பார்த்தான், உள்ளே இருந்த பதிப்பு எண்ணைப் பார்க்கவில்லை. அவன் என்றைக்குமே பார்த்ததில்லை.

"அத்தான், லேப்ல சுத்தமா ஓடிடுச்சு. போட்டுடவா?"

"லேப் சொன்னா சரிதான்டா," என்றேன்.

காலை பதினொரு மணிக்குப் போட்டான். பதினேழு நிமிடம், தீவிர சிகிச்சைப் பிரிவின் அபாய மணி ஒன்றுகூட நர்ஸ் அறைக்கு எட்டவில்லை. ஏழாம் கட்டிலில் இருந்த பெண் இறந்துபோனார்.

"ஏங்க, நீங்க பக்கத்துல இருந்தும் இப்படிப் பண்ணிட்டானே," என்று என் மனைவி அழுதாள். நான்தான் தேற்றினேன்.

நிஜப் பெட்டியில் என் விரல்கூடப் படவில்லை. வரி அவனுடையது, அழுத்திய விரலும் அவனுடையது. இதற்கு என்னைக் கூண்டில் ஏற்றுவதென்றால் தாராளமாக ஏற்றுங்கள். ஆனால் விளைவு தெரியாமல் செய்தேன் என்று மட்டும் எழுதிவிடாதீர்கள், அது என் தொழிலுக்கே அவமானம். அவன் வரியைச் சரியான இமேஜில் நான் முன்பே ஆறு முறை ஓட்டிப் பார்த்தேன். ஆறு முறையும் முதலில் அணைந்தது தீவிர சிகிச்சைப் பிரிவுதான்.