புத்தகத்துக்கு ஒரு வக்கீல்

தங்கச் சுரங்க ஊரான சாம்பியன் ரீப்ஸில் ரயில் ஏறிய பெரியவருக்குக் கண் தெரியாது. சுரங்கத்தில் வெடி வைத்தபோது போனதாம். கூட வந்தவள் அவருடைய நண்பரின் மகள், டில்லியில் அரசாங்க வக்கீல்.

"இன்னாமா, புத்தகத்துக்கெல்லாமா வக்கீலு?"

"ஆமா மாமா. எழுதினவங்களைக் கேக்காம யாரும் காப்பி அடிக்கக்கூடாது. இருபது வருஷமா இதே வேலைதான். அப்பாவுக்குக் கடைசிவரைக்கும் புரியல."

"நான் போன்ல புத்தகம் கேக்கறனே, அதுவும் தப்பா?"

"இல்ல மாமா. கண்ணு தெரியாதவங்களுக்காகப் படிச்சுப் பதிவு பண்ணா யாரையும் கேக்க வேணாம். அப்படிச் சட்டம் வரணும்னு ஆபீஸ்ல நானும் சண்டை போட்டேன்."

"எதுக்குமா?"

"உங்களை நெனச்சுதான்."

பெரியவர் துழாவி அவள் கையைப் பிடித்தார். பங்காருபேட்டை வரும்வரை விடவேயில்லை.