மஞ்சப்பையின் எடை

எடப்பாடியிலிருந்து சேலம் போகும் பேருந்தில் எனக்கு முன்சீட்டில் ஒரு கணவன் மனைவி. ஆன்லைனில் போர்வை விற்பவர்கள் என்பது பேச்சிலேயே தெரிந்தது. "மஞ்சப்பைதான் நம்மளத் தின்னுட்டு இருக்குது" என்று அவர் சொன்னதும் என் காது அந்தப் பக்கம் போய்விட்டது.

"மெல்லப் பேசுங்க. கமிஷன் போக மிச்சம் நிக்கும்னு கணக்குப் போட்டது நீங்கதானுங்க."

"கமிஷன் ஆன்லைன் கம்பெனிக்காரன் சரியாத்தான் புடிச்சிருக்கான். கூரியர் சார்ஜ்தான் எகிறுது. போர்வை அரைக்கிலோவுக்குள்ளதான் இருக்குது. நீ சும்மா வெச்சு அனுப்பற பையால தாண்டிருது. தாண்டுனா ஒரு கிலோ ரேட்டு."

"துணி வாங்குனவங்களுக்குப் பை குடுக்காம அனுப்பறதா? எங்கப்பா கடையில ஒருநாளும் அப்படிச் செஞ்சதில்லீங்க."

"உங்கொப்பன் கடையில பைய எடை போட்டுக் காசு புடிச்சாங்களா? இன்னையோட பைய நிறுத்து. இல்லீன்னா யாவாரத்தையே நிறுத்திரலாம்."

அவள் போனை எடுத்து அவர் முகத்துக்கு நேராக நீட்டினாள். "வாங்குனவங்க எழுதுனதப் படிங்க."

அவர் விரலால் தள்ளித் தள்ளிப் படித்தார். "எல்லாரும் பை நல்லாருக்குதுன்னுதான் எழுதிருக்காங்க."

"ஆமாங்க."

"போர்வையப் பத்தி?"

"அதைத்தானுங்க நானும் ஒரு மாசமாத் தேடறேன்."