கராஜ்ல பொண்ணு பாத்தது

ஐயோ, அந்த ஸ்டூல்ல உக்காராதீங்க சார், கிரீஸ். இந்தச் சேர்ல உக்காருங்க. இதுவும் கிரீஸ்தான், ஆனா காஞ்ச கிரீஸ். உள்ள ஏசி இருக்கறப்ப எதுக்கு இந்த மனுஷன் நம்மள கராஜுக்குக் கூட்டிட்டு வந்தான்னு பாக்கறீங்க. உள்ள ஸ்வர்ணாவும் உங்க வீட்டம்மாவும் பேசிட்டிருக்காங்க இல்ல, நடுவுல நாம எதுக்கு. லேடீஸ்கிட்ட லேடீஸ் பேசட்டும். உங்ககிட்ட நான் பேசறேன். அப்படித்தான் பிரிச்சுக்கிட்டோம். அதாவது, தனித்தனியா உக்காந்தா ஃப்ரீயா பேசலாம்னு சொல்ல வந்தேன்.

பசங்களா? வந்துடுவாங்க. கலிஃபோர்னியால, லிவர்மோர்ல இருந்து இவ்ளோ தூரம் வந்து இறங்கறோம், பெத்த பையன் ஏர்போர்ட்ல வந்து நிக்கலையேன்னு உங்களுக்கு இருக்கும். கவின் வரேன்னுதான் சொன்னார் சார். நான்தான் வேணாம்ப்பா, நானே கூட்டிட்டு வரேன்னேன். அவரும் எங்க அதிதியும் ஒரு மெஷின் பாக்கப் போயிருக்காங்க. அலைன்மென்ட் மெஷின். வண்டிச் சக்கரமெல்லாம் நேரா நிக்குதா கோணலா நிக்குதான்னு சொல்லும். ஞாயித்துக்கிழமை நிச்சயதார்த்தம், வெள்ளிக்கிழமை யாராவது மெஷின் பாக்கப் போவாங்களான்னா... நம்ம பசங்க போவாங்க.

இதக் கொஞ்சம் கையில வாங்கிப் பாருங்க. வெயிட்டா இருக்கா? துரு ஒட்டும், துணியோட பிடிங்க. இந்த போல்ட்டாலதான் சார் உங்க பையன் எங்க வீட்டுக்கு ரெண்டாவது தடவை வந்தார். மூணாவது தடவையும் இதாலதான். பொண்ணுக்காகன்னு நீங்க நெனச்சுட்டிருந்தீங்க. தப்பில்ல, நானும் அப்படித்தான் நெனச்சேன்.

முதல்ல இருந்தே சொல்லிடறேன். பயோடேட்டால அதிதி பார்மசிஸ்ட்னு போட்டிருந்தோம் இல்ல, அது சத்தியம். ஹாபின்னு இருந்த இடத்துல ஸ்வர்ணா வீணைன்னு போட்டா. வீணை மாடில இருக்கு சார், அதுவும் சத்தியம். என் பொண்ணுக்கு நெஜ ஹாபி ட்ரக். அதை எப்படி பயோடேட்டால போடறது? பழைய பிக்கப் ஒண்ணை ஆன்லைன்ல பாத்து வாங்கினா. போட்டோல பளபளன்னு கல்யாணப் பையன் மாதிரி நின்னுச்சு. வந்து இறங்கினப்புறம்தான் தெரிஞ்சுது, மிச்சிகன்ல ஓடின வண்டி. அங்க பனி பெஞ்சா ரோடு பூரா உப்பு கொட்டுவாங்க. மேல பெயின்ட் அழகு, அடில பூரா துரு. கீழ படுத்துப் பாத்துட்டு வந்து அழுவான்னு நெனச்சேன். இல்ல, சந்தோஷமா வரா. அப்பா, திஸ் இஸ் கோயிங் டு பி ஃபன்ங்கறா.

இதை ஆறு இன்ச் தூக்கணுமாம். லிஃப்ட் கிட்னு ஒண்ணு வரும், ஸ்ப்ரிங், ஷாக் அப்சார்பர், சக்கரத்தைப் பிடிச்சிருக்கற கை, எல்லாத்தையும் மாத்தி வண்டிய உசத்திடுவாங்க. ஏன்மா, இப்பவே உங்கம்மாவால ஏற முடியலையேன்னேன். கல்லு மேடெல்லாம் ஏறணும்ப்பான்னா. டெக்ஸாஸ்ல, இந்தக் காப்பெல்ல எங்க சார் கல்லு மேடு? இந்த ஊர்ல இருக்கறதுலயே பெரிய மேடு ஸ்கூல் முன்னாடி போட்டிருக்கற ஸ்பீட் பம்ப்தான்.

சரி, இந்த போல்ட். நீங்க இன்ஜினியர், உங்களுக்கு நான் சொல்லணுமா... ஓ, சாஃப்ட்வேரா? அப்ப என்னை மாதிரிதான், கேளுங்க. சக்கரத்தைப் பிடிச்சிருக்கற அந்த இரும்புக் கை இருக்கு பாருங்க, அதை வண்டியோட மாட்டறது இந்த போல்ட். இது ஒரு சின்ன இரும்புக் குழாய்க்குள்ள போகும், குழாயைச் சுத்தி ரப்பர். துருப் பிடிச்சு போல்ட்டும் குழாயும் ஒட்டிக்கிச்சு. நட்டு அழகா கழண்டு வந்துடும். போல்ட்டைத் திருப்பினா ரப்பர் முறுக்கிக்கும், கையை விட்டா திரும்பப் பழைய இடத்துக்கே வந்துடும். வேலை நடக்கற மாதிரியே இருக்கும், ஒண்ணும் நடக்காது. நான் இருபத்தஞ்சு வருஷமா அந்த மாதிரி மீட்டிங்க்ல உக்காந்திருக்கேன், எனக்கு உடனே புரிஞ்சுது.

துருவை இளக்கற எண்ணெய் அடிச்சா. ராத்திரி ஊற வெச்சு, காலைல ட்யூட்டிக்குப் போறதுக்கு முன்னாடி ஒரு தடவை, வந்து ஒரு தடவை. ஸ்பேனர்ல நீளக் குழாய் மாட்டித் தொங்கினா. என்னையும் தொங்கச் சொன்னா, தொங்கினேன். குழாய் வளைஞ்சுது.

இந்த நெலமைலதான் சார் உங்க பையன் வந்தார். இங்க பக்கத்துல ரிச்சர்ட்சன்ல வேலைக்கு வந்தவரை, அப்படியே காப்பெல் போய்ப் பொண்ணைப் பாத்துட்டு வாடான்னு அனுப்பி வெச்சீங்களே, அன்னிக்கு. இஸ்திரி போட்ட சட்டை, கையில ஸ்வீட் பாக்ஸ், முகத்தைப் பாத்தா பல்லு புடுங்க வந்தவர் மாதிரி இருந்தது. ஸ்வர்ணா பஜ்ஜியோட நிக்கறா. பொண்ணக் காணோம். நான் வேற வழியில்லாம இங்க கூட்டிட்டு வந்தேன். வண்டிக்கு அடில ரெண்டு கால் மட்டும் தெரியுது. இதாங்க பொண்ணுன்னேன்.

அவர் குனிஞ்சு பாத்தார். பாத்துட்டு அவர் கேட்ட முதல் கேள்வி, ஹீட் பண்ணியான்னு. ஸ்வர்ணா, பாவம், பஜ்ஜி ஆறிடுச்சுன்னு சொல்றார்னு நெனச்சு உள்ள ஓடிப் போய்ச் சூடு பண்ணி எடுத்துட்டு வந்தா. வந்து பாத்தா மாப்பிள்ளை சட்டையைக் கழட்டி அந்த ஆணில மாட்டிட்டு பனியனோட வண்டிக்கு அடில கெடக்கார். கேஸ் டார்ச் வெச்சு ரெண்டு பேரும் ரப்பரைக் கொளுத்தறாங்க. வீடு பூரா பொகை, அலாரம் அடிக்குது. ஸ்வர்ணா என்னைப் பாத்து, ஏங்க, பிடிச்சுப் போச்சு போலயேங்கறா. தீயைச் சொல்றாளோன்னு ஒரு நிமிஷம் பயந்துட்டேன்.

அப்பவும் போல்ட் வரல. கடைசில, மூணாவது தடவை வந்தப்பதான், பவர் ரம்பம் கொண்டு வந்து ரெண்டு பக்கமும் அறுத்துத்தான் எடுத்தாங்க. அதான் இப்படி மொட்டையா இருக்கு.

என்ன? கவினுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்னா... உங்களுக்குத் தெரியாதா சார்? காலேஜ் படிக்கறப்ப ஃப்ரெண்ட் வீட்டு கராஜ்ல ஜீப்புக்கெல்லாம் பண்ணியிருக்காராம். உங்ககிட்ட லைப்ரரின்னு சொல்லிட்டுப் போவாராம். சரி விடுங்க, படிச்சுத்தான இருக்கார்.

அப்புறம் சனிக்கிழமைன்னா வந்துடுவார். ஸ்வர்ணா ஜன்னல் வழியா பாத்துப் பாத்து உருகுவா. ரெண்டும் சண்டை போடும், சிரிக்கும், தரைல உக்காந்து ஒரே தட்டுல தயிர் சாதம் சாப்பிடும். பாக்கறவங்க என்ன நெனப்பாங்க, நீங்களே சொல்லுங்க. ஆனா நீங்க கேட்டீங்க இல்ல, பையன் தன் வாயால சம்மதம் சொன்னானான்னு. ஸ்வர்ணா ஆமான்னு சொன்னா இல்ல. அதைத்தான் கொஞ்சம் வெளக்கணும்.

அன்னிக்கு அவ லாண்ட்ரி ரூம்ல துணி மடிச்சுட்டிருக்கா. இந்தச் சுவத்துக்கு அந்தப் பக்கம். கவின் இங்கிலீஷ்ல சொல்றது கேக்குது, இதுக்கு மேல என்னால தாங்க முடியாது, யெஸ் சொல்லு, ப்ளீஸ், யெஸ் சொல்லு. இவ மூச்சப் பிடிச்சுட்டு நிக்கறா. அப்புறம் அதிதி, யெஸ், யெஸ், யெஸ்னு கத்தறா. ரெண்டு பேரும் கை தட்டறாங்க. ஸ்வர்ணா துணியப் போட்டுட்டு சாமி ரூமுக்கு ஓடி விளக்கேத்திட்டு அங்கேருந்தே உங்க வீட்டம்மா தனபாக்கியம் மேடத்துக்கு போன் பண்ணிட்டா. அவங்களும் அன்னிக்கு சாயந்தரமே லிவர்மோர் கோயில்ல அர்ச்சனை பண்ணிட்டாங்க. நீங்க ஹால் புக் பண்ணச் சொல்லிட்டீங்க.

விஷயம் என்னன்னா சார், அவர் கடப்பாரையை வெச்சு அந்த இரும்புக் கையை அமுக்கிப் பிடிச்சிருக்கார். ஓட்டை நேருக்கு வந்ததும் இவ புது போல்ட்டைச் சொருகணும், சொருகினா யெஸ்னு சொல்லணும், அப்பதான் அவர் கையை விடலாம். அவ்ளோதான் நடந்தது. நேத்திக்குத்தான் எங்களுக்கே தெரியும்.

இருங்க சார், அதுக்குத்தான் வரேன். தண்ணி குடிங்க.

வண்டி முடிஞ்ச அன்னிக்கு நாங்க கோயிலுக்குக் கெளம்பி நிக்கறோம். ஸ்வர்ணா பட்டுப் புடவைல. அதிதி ஸ்டார்ட் பண்ணி பின்னாடி எடுக்கறா, டங்குன்னு ஒரு சத்தம். வண்டி கராஜ் கதவை விட உயரமாயிடுச்சு. உள்ள வெச்சே உசத்திட்டாங்க, வெளிய எப்படி எடுக்கறதுன்னு ரெண்டு மேதாவிகளும் யோசிக்கல. நல்லா படிச்ச பசங்க சார் ரெண்டும். டயர்ல காத்தப் புடுங்கினாங்க, பத்தல. அப்புறம் பாரம் ஏத்துங்கன்னு எல்லாரையும் பின்னாடி தொட்டில உக்காரச் சொல்லிட்டாங்க. நான், பட்டுப் புடவையோட ஸ்வர்ணா, பக்கத்து வீட்டு கிட்டுசாமி, அவர் வீட்டுக்கு வந்திருந்த கெஸ்ட் ரெண்டு பேர். எல்லாரும் தலையக் குனிஞ்சுக்கிட்டோம். கவின் கதவு ஓரமா நின்னுட்டு, வா, வா, இன்னும் ஒரு இன்ச், வான்னு கைய ஆட்டறார். வண்டி வெளிய வந்துச்சு. தெருவே நின்னு கை தட்டுச்சு. திரும்ப உள்ள போக முடியாது, இன்னிக்கு வரைக்கும் வெளியதான் நிக்குது. அதுக்கு ஹெச்ஓஏகாரங்க, அதான் காலனி சங்கத்துக்காரங்க, அனுப்பாத மெயில் இல்ல.

ஆனா அன்னிக்கு ஒண்ணு பாத்தேன் சார். முப்பது வயசாகப் போற பொண்ணு, டிகிரி வாங்கினப்ப கூட அவ முகத்துல அந்தச் சிரிப்பைப் பாத்ததில்ல. கவினும் அப்படித்தான். பல்லு புடுங்க வந்த முகமே இல்ல அது. நான் தொட்டில உக்காந்துக்கிட்டே நெனச்சேன், சரி, இனி நமக்கென்ன கவலைன்னு.

அடுத்த வாரமே கிட்டுசாமி தன் ஜீப்பைக் கொண்டு வந்துட்டார், எனக்கும் தூக்கிக் குடுங்கன்னு. அவர் சொல்லி இன்னொருத்தர். கோயில்ல பாக்கறவங்கல்லாம் ஸ்வர்ணாகிட்ட மாப்பிள்ளை எப்ப ஃப்ரீன்னு கேக்கறாங்க. இவ பெருமையா டேட் குடுக்கறா.

சம்பந்தின்னு கூப்பிட மாட்டேங்கறேனா? அப்படில்லாம் இல்ல சார்...

கேட்டுச்சா? உள்ள ஏதோ விழுந்த மாதிரி. தட்டுதான், எவர்சில்வர். உக்காருங்க, உக்காருங்க, உங்க வீட்டம்மாவுக்கு ஒண்ணும் இல்ல. ஸ்வர்ணா சொல்லிட்டா போல இருக்கு. ரெண்டு பேர்கிட்டயும் ஒரே நேரத்துல சொல்லணும்னுதான் எங்களுக்குள்ள பேச்சு. நான்தான் லேட்.

கையெழுத்துப் போட்டுட்டாங்க சார். ரெண்டு பேரும். திங்கக்கிழமையே.

ரிஜிஸ்தர் ஆபீஸ்லயா? சே சே, சொல்லாமக் கல்யாணம் பண்ணிக்கற பசங்களா அவங்க. கடைக்கு. ஃப்ரீவே பக்கத்துல ஒரு பழைய டயர் கடையை லீஸுக்கு எடுத்திருக்காங்க. பார்ட்னர்ஷிப். அதுக்குத்தான் மெஷின் பாக்கப் போயிருக்காங்க, வாங்கறதுக்கு. வேலையா... விட்டுட்டார் சார். போன வாரம். இவளும்தான்.

கல்யாணம் இல்ல. ரெண்டு பேருக்குமே வேண்டாமாம். முதல் நாளே, வண்டிக்கு அடில படுத்துக்கிட்டே, எனக்கு இதுல இஷ்டமில்ல, வீட்ல தொல்லை தாங்காமத்தான் வந்தேன்னு அவர் சொல்லியிருக்கார். எனக்கும்தான், அந்த டார்ச்சை எடுன்னு இவ சொல்லியிருக்கா. அதனாலதான் அவ்ளோ ஃப்ரீயா பழகியிருக்காங்க. அப்புறம் எங்ககிட்ட சொல்லலாம்னு பாத்தா, இங்க விளக்கேத்தியாச்சு, அங்க அர்ச்சனை ஆயாச்சு, ஸ்வர்ணா புடவை எடுத்தாச்சு. மனசு வரலயாம். உங்களுக்கு பிபி வேறயாம். நேத்து சாயந்தரம்தான் ரெண்டு பேரும் வந்து எங்க முன்னாடி உக்காந்தாங்க. நீயே உங்க அப்பாகிட்ட சொல்லுப்பான்னேன். லைப்ரரி மேட்டரையே இன்னும் சொல்லலை அங்கிள்னு சொல்லிட்டார். கண்ணு கலங்கிடுச்சு சார் அவருக்கு. நான் என்ன பண்றது, சரின்னுட்டேன்.

கோவம் வரும். எனக்கு வந்துச்சு. காலைல இதே எடத்துல உக்காந்து யோசிச்சேன். நாம என்ன கேட்டோம்? தனியா இல்லாம ஒருத்தருக்கொருத்தர் தொணையா இருக்கணும். அடிச்சுக்கிட்டாலும் பேசிக்கணும். காலைல எழுந்தா சந்தோஷமா ஒரு எடத்துக்குப் போகணும். எல்லாம் ஆயிடுச்சு சார். நீங்களும் நானும் என்னிக்காவது அப்படிப் போயிருக்கோமா வேலைக்கு?

ஹாலா? நானும் கேன்சல் பண்ணிடலாம்னுதான் சொன்னேன். அதிதி விடல. எல்லாரும் டிக்கெட் போட்டாச்சு, சமையலுக்குச் சொல்லியாச்சு, நாதஸ்வரக்காரர் ஹூஸ்டன்ல இருந்து கெளம்பிட்டார், அப்படியே இருக்கட்டும், கடை திறப்பு விழாவா வெச்சுக்கலாம்னுட்டா. மேடைல வெக்கற போர்டுல அதிதி அண்ட் கவின்னு அடிச்சது அடிச்சபடியே இருக்கட்டுமாம். கடைக்கும் அதே பேருதான். குத்துவிளக்கு நீங்களும் நானும் ஏத்தணுமாம்.

முகூர்த்த நேரத்தை மட்டும் மாத்த வேணாம்னு ஸ்வர்ணா சொல்லிட்டா.